அக்கா குரல் கொடுத்த கப்பல்

என் அக்கா ஒரு பேய்ப் படத்தில் பேசியிருக்கிறாள். பேய்ப் படம் என்று எங்கள் வீட்டில்தான் சொல்வோம். முறையாகச் சொன்னால் அது அறிவியல் புனைகதைப் படம். விண்வெளியில் போகிற ஒரு பெரிய கப்பல், அதற்குள் ஏழு பேர், சுவரில் மழைக்கால ஈரம் போலப் பரவி வந்து ஒவ்வொருவராக எடுத்துக்கொள்கிற ஏதோ ஒன்று. அக்கா அதில் நடிக்கவில்லை. படத்தைத் தமிழாக்கியபோது கப்பலுக்குக் குரல் கொடுத்தாள். அந்தக் கப்பல் பேசும். மணி சொல்லும், கதவு மூடியாயிற்று என்று சொல்லும், அவ்வப்போது கணக்கும் சொல்லும்: "கப்பலில் உயிருடன் இருப்போர், ஏழு பேர்." படம் போகப்போக அந்த எண் குறைந்துகொண்டே வரும்.

அக்கா இங்கே ஒரு மிஷன் பள்ளியில் ஐந்தாம் வகுப்பு டீச்சர். அவளோடு கல்லூரியில் படித்த ஒருத்தி சென்னையில் டப்பிங் ஸ்டூடியோ ஒன்றில் வேலை பார்த்தாள். ஒரு மே மாத விடுமுறையில் கல்யாணத்துக்குப் போன இடத்தில், "உன் வாய்ஸ் அப்படியே மெஷின் மாதிரி நிதானமா இருக்குடி" என்று அந்தத் தோழி பிடித்து இழுத்துக்கொண்டு போய்விட்டாள். மூன்று நாள் வேலை. ஊருக்குத் திரும்பிய அக்கா, ஞாயிற்றுக்கிழமை மதியச் சாப்பாட்டில் எங்கள் எல்லோருடைய இலையையும் பார்த்து, "இந்த வீட்டில் உயிருடன் இருப்போர், நான்கு பேர். கோழி இல்லை" என்று அந்தக் குரலில் சொன்னாள். சிரித்து எனக்குப் புரை ஏறியது. ஆனால் படம் வந்தபோது பார்க்க மாட்டேன் என்று சொல்லிவிட்டாள். "நான் பேசுனதுக்கு நானே பயப்படணுமா? வேற சோலி இல்ல?"

அதற்குச் சில வருடங்கள் கழித்து அவளுக்குத் தொண்டையில் அறுவை செய்தார்கள். உயிர் தங்கியது, குரல் போய்விட்டது. கடைசி இரண்டு வருடமும் சின்ன வெள்ளைப் பலகையில் எழுதித்தான் பேசினாள். இறந்த பிறகு அவள் குரலைத் தேடினோம். கல்யாண வீடியோ முழுக்கப் பேண்டு வாத்தியம். பள்ளி ஆண்டுவிழா வீடியோவில் பாட்டு. ஃபோனில் இருந்த வீடியோக்களையெல்லாம் அவள்தான் எடுத்திருந்தாள், பேசியது மற்றவர்கள். நாற்பத்தொன்பது வருடம் பேசியவளின் குரல் ஒரு நிமிடம்கூட எங்கள் கையில் இல்லை.

அக்காவின் கணவர், என் மச்சான், அதே பள்ளியில் கிளார்க்காக இருந்து ஓய்வு பெற்றவர். திருப்பரங்குன்றத்தில் ரயில் பாதைக்குப் பின்னால் வீடு. பிள்ளைகள் இல்லை. முப்பதாம் நாள் பூசை முடிந்து வந்ததும் என்னைத் தனியாகக் கூப்பிட்டு, "மாப்ள, அந்தப் படம் கெடைக்குமா?" என்று கேட்டார். எந்தப் படம் என்று நான் திருப்பிக் கேட்கவில்லை.

எனக்குச் சிம்மக்கல்லில் கடை. பம்புசெட்டுக்கு வேண்டிய சாமான் விற்கிறேன். பத்தாவதோடு படிப்பை விட்டவன். மற்றதெல்லாம் கடைக்கு வருகிறவர்கள் பேசக் கேட்டுக் கற்றது. கொட்டாம்பட்டிப் பக்கத்திலிருந்து வரும் ஒரு விவசாயி, இரைகிறது ஆனால் சுற்றவில்லை என்கிற மோட்டாரைக் கொண்டுவந்து மேசைமேல் வைத்து, "உசுரு இருக்குண்ணே, ஓடத்தான் மனசில்ல" என்றார். பில் புத்தகத்தின் பின்னட்டையில் எழுதி வைத்துக்கொண்டேன். அந்த நாட்களில் மச்சானைப் பற்றி யார் விசாரித்தாலும் அதைத்தான் சொன்னேன்.

கடைக்கு எதிரே ஒரு செல்ஃபோன் கடை. படத்தின் பேரைச் சொன்னதும் கடைக்காரர் ஐந்து நிமிடத்தில் பென்டிரைவில் ஏற்றிக் கொடுத்தார். தமிழ் இருக்கிறதா என்று மட்டும் கேட்டேன். இருக்கிறது என்றார். அது திருட்டுப் பதிப்பு என்பது எனக்குத் தெரியாமல் இல்லை. அப்போது அது ஒரு விஷயமாகவே படவில்லை.

படம் கலங்கலாக இருந்தது. ஏதோ ஒரு வெப்சைட்டின் பேர் திரையில் எறும்பு மாதிரி ஊர்ந்துகொண்டே போனது. சத்தம் பானைக்குள் பேசுவது போல. ஆனாலும் கொஞ்ச நேரத்தில் ஒரு பெண் குரல் வந்தது. "கப்பலில் உயிரோடு இருப்பவர்கள், ஏழு பேர்." மச்சான் என் முழங்கையைப் பிடித்துக்கொண்டார். "அவதான?" என்றார். "ஆமா மச்சான், அக்காதான்" என்றேன். இருவரும் அழுதோம்.

அதன் பிறகு ஒரு வருடம், தினமும் மதியச் சாப்பாடு முடிந்ததும் அவர் டிவியைப் போடுவார். படம் பார்ப்பதில்லை. எந்தெந்த நிமிடத்தில் அந்தக் குரல் வரும் என்று மனப்பாடம். ஓட்டி ஓட்டி அந்த இடங்களை மட்டும் கேட்பார். கேட்டுவிட்டு அன்றைய சமாச்சாரங்களைச் சொல்வார் என்று பக்கத்து வீட்டில் சொன்னார்கள். தண்ணீர் வந்தது, முருங்கை பூத்தது, பென்ஷன் பேப்பரில் கையெழுத்துப் போட்டாயிற்று. நான் போயிருந்தபோதும் ஒரு தடவை சொல்லக் கேட்டேன். வெட்கப்படாமல் சொன்னார். எனக்குத்தான் எங்கே பார்ப்பதென்று தெரியவில்லை.

வருடம் திரும்பியது. முதலாம் ஆண்டு நினைவுத் திருப்பலி ஒரு சனிக்கிழமை காலையில். முடிந்து வீட்டுக்கு வருகிற சொந்தக்காரர்களுக்கும் டீச்சர்களுக்கும் அக்காவின் குரலைப் போட்டுக் காட்ட வேண்டும் என்று மச்சான் ஆசைப்பட்டார். எல்லோரும் கேட்டு அவளுக்காக ஒரு ஜெபம் சொல்ல வேண்டும். அவ்வளவுதான் அவர் கேட்டது.

மச்சானுடைய அக்கா, எனக்கு மதினி, அதற்குக் குறுக்கே நின்றார். அவரும் ஓய்வு பெற்ற டீச்சர்தான். ஞாயிற்றுக்கிழமைகளில் பிள்ளைகளுக்கு மறைக்கல்வி எடுப்பவர். பென்டிரைவைக் கையில் வாங்கி முன்னும் பின்னும் பார்த்துவிட்டு என்னிடம் கேட்டார்: "தம்பி, இது எங்க வாங்குனது?"

செல்ஃபோன் கடையில் என்றேன்.

"களவு செய்யாதேன்னு காலையில பிள்ளைகளுக்குச் சொல்லிக் குடுத்துட்டு, மத்தியானம் களவாண்ட படத்தப் போட்டு அவளுக்கு மன்றாடச் சொல்றீங்களா? அம்புட்டுப் பேரையும் கூப்பிட்டு வச்சுப் பாவம் பண்ண வைக்கப் போறீங்க. அவ ஆத்துமாவுக்கு இது போய்ச் சேருமா, இல்ல உங்க செல்ஃபோன் கடைக்காரனுக்குச் சேருமா?"

மச்சான் தலையைக் குனிந்துகொண்டார். மதினி சொல்லுக்கு அவர் மறுசொல் சொன்னதில்லை. முறையாக வருகிற இடத்தில் அந்தப் படம் இருந்தால் போட்டுக்கொள்ளலாம், இல்லையென்றால் ஜெபத்தோடு நிறுத்திக்கொள்ளலாம் என்று முடிவாயிற்று. தேடுகிற பொறுப்பு எனக்கு வந்தது. தப்பு செய்தவனே திருத்தட்டும் என்று மதினி நினைத்திருக்கலாம்.

அந்த வாரம் கடையில் ஆள் இல்லாத நேரமெல்லாம் ஃபோனைத் தேய்த்தேன். படத்தின் பேரைப் போட்டால் முதலில் வருவதெல்லாம் இலவசமாகப் பாருங்கள் என்று கூப்பிடுகிற பக்கங்கள். ஒன்றைத் தொட்டேன். பார்க்க வேண்டுமானால் அனுமதி கொடு என்றது. இன்னொன்று, உங்கள் ஃபோனில் வைரஸ் இருக்கிறது, உடனே இதை இறக்கு என்று சிவப்பாகத் துடித்தது. பயந்துபோய் அணைத்துவிட்டேன். பிறகு அந்தப் படத்தை வெளியிட்ட கம்பெனியின் சொந்தப் பக்கத்துக்குப் போய், இந்தியாவில் இதை எந்தத் தளத்தில் பார்க்கலாம் என்று போட்டிருந்ததைப் பார்த்தேன். அந்தத் தளத்தின் செயலியை ஃபோனிலேயே இருக்கும் ஆப் ஸ்டோரிலிருந்து இறக்கி, ஒரு மாதச் சந்தா கட்டி, என் வீட்டு டிவியில் போட்டேன். பட்டியலில் படம் இருந்தது. ஒலி என்கிற இடத்தில் தமிழ் என்றும் இருந்தது. மதினிக்கு ஃபோன் பண்ணிச் சொன்னேன். "பார்த்தியா, நேர்வழி எங்கயும் போயிரல" என்றார்.

ஞாயிற்றுக்கிழமை மதியம் கடை கிடையாது. வீட்டில் எல்லோரும் ஒரு விசேஷத்துக்குப் போயிருந்தார்கள். சனிக்கிழமைக்கு எந்த இடங்களைப் போடுவது என்று குறித்துக்கொள்ளலாமென்று ஒரு தாளும் பேனாவும் எடுத்துக்கொண்டு தனியாக உட்கார்ந்தேன்.

முதல் முறையாக அந்தப் படத்தைத் தெளிவாகப் பார்த்தேன். பென்டிரைவில் கறுப்பாகத் தெரிந்த இடங்களிலெல்லாம் ஏதோ இருந்திருக்கிறது. கப்பலின் நீண்ட நடை, அதன் கடைசியில் பாதி திறந்த கதவு, சுவரில் அந்த ஈரம், வேர்வை போலத் துளிர்த்துத் துளிர்த்து. வெளியே வெயில் கொளுத்துகிறது, ஆட்டோ சத்தம் கேட்கிறது, எனக்குக் கால் சில்லிட்டுப்போய்த் தூக்கி நாற்காலியில் வைத்துக்கொண்டேன். அப்போது கப்பல் பேசியது.

"கப்பலில் உயிருடன் இருப்போர், ஏழு பேர்."

அது வேறு குரல்.

நிறுத்திவிட்டு மறுபடி போட்டேன். ஒலி வேறு மொழிக்குத் தாவிவிட்டதோ என்று பார்த்தேன், தமிழ்தான். மச்சான் வீட்டில் ஒரு வருடமாகக் கேட்ட குரல் கொஞ்சம் கனமானது, சொல்லின் கடைசியில் இழுக்கும். இது மெல்லியது, நேராக வந்து நின்றது. என் கண்ணில் எதுவும் வரவில்லை. யாரோ ஒருத்தி பேசுகிறாள் என்றுதான் தோன்றியது.

படத்தின் முடிவில் தமிழில் பேசியவர்களின் பேர் போடுவார்கள் என்று நினைவு வந்தது. பென்டிரைவில் முடிவே இல்லை. கடைசிக் காட்சியோடு வெட்டியிருந்தார்கள். இதில் முடிந்ததுமே திரை மூலைக்குச் சுருங்கி, அடுத்த படத்தைத் தொடங்கவா என்று கேட்டு, நான் பதில் சொல்வதற்குள் தொடங்கியும்விட்டது. மூன்று தடவை அப்படி. நான்காவது தடவை ரிமோட்டைத் தயாராக வைத்திருந்து சுருங்கிய திரையைப் பெரிதாக்கினேன். எத்தனையோ நாட்டு எழுத்தெல்லாம் ஓடி முடிந்த பிறகு தமிழ்ப் பதிப்பு என்று ஒரு பலகை வந்தது. கப்பலின் குரல் என்பதற்கு நேராக அக்காவின் பேர். எங்கள் அப்பாவின் இனிஷியலோடு.

அப்படியென்றால் செல்ஃபோன் கடைப் படத்தில் இருந்தது வேறு யாரோ, எங்கேயோ ஒரு அறைக்குள் களவாகப் பேசி ஒட்டவைத்த குரல். அதைக் கேட்டுத்தான் நான் அழுதேன். என் அக்கா என் வீட்டுக்குள்ளேயே வந்து பேசினாள், எனக்கு அடையாளம் தெரியவில்லை. மறுபடி முதலிலிருந்து போட்டேன். எண்ணிக்கை இரண்டுக்கு வரும் இடத்தில் எண்ணைச் சொல்வதற்கு முன்னால் அந்தக் குரல் ஒரு நொடி தாமதித்தது. வருகைப் பதிவேட்டில் வராத பிள்ளையின் பேர் வரும்போது அக்கா அப்படித்தான் நிற்பாள். அங்கேதான் அவளைக் கண்டுபிடித்தேன்.

சனிக்கிழமை எல்லோர் முன்னாலும் இதை மச்சான் முதல் தடவையாகக் கேட்டால் என்ன ஆவார்? சொல்லாமல் இருக்க முடியாது. புதன்கிழமை கடையைச் சீக்கிரம் அடைத்துவிட்டுத் திருப்பரங்குன்றம் பஸ் ஏறினேன்.

சுற்றி வளைத்துச் சொல்ல எனக்கு வரவில்லை. என் ஃபோனிலேயே போட்டுக் காட்டினேன். கேட்டார். "இது யாரு?" என்றார். பேர் வரும் இடத்தைக் காட்டினேன். கண்ணாடியைக் கழற்றித் துடைத்துப் போட்டுக்கொண்டு படித்தார். வீட்டுக்குப் பின்னால் ஒரு ரயில் போய் முடிந்தது.

"பேரு அவ பேருதான், மாப்ள. குரலு அவ இல்ல."

"அக்காதான் மச்சான். ஸ்டூடியோவுல நல்ல மைக்குல பேசுனது. மெஷின் மாதிரி தெரியணும்னு கொஞ்சம் மாத்தியிருப்பாங்க. முதல்ல எனக்கும் தெரியல."

"அப்ப ஒரு வருசமா நான் எவகிட்ட பேசிக்கிட்டிருந்தேன்?"

பென்டிரைவை வாங்கிக் கொடுத்தவன் நான். ஆமா அக்காதான் என்று சாட்சி சொன்னவனும் நான். மன்னித்துக்கொள்ளுங்கள் என்றேன். அது அவர் காதில் விழுந்ததாகத் தெரியவில்லை.

"அந்தப் பொம்பள உசுரோட இருப்பாளா?" என்று கேட்டார். தெரியாது என்றேன். "வீட்டு விசயம் அம்புட்டையும் சொல்லியிருக்கேன். முகந்தெரியாத ஒருத்திகிட்ட." பிறகு, மிகவும் தாழ்ந்த குரலில், "அது போகட்டும். முப்பத்தோரு வருசம் கூட இருந்தவ குரலு எனக்கு மறந்துபோச்சா மாப்ள? அப்படின்னா அவ முழுசாப் போயிட்டா" என்றார்.

சனிக்கிழமை படம் வேண்டாம், நான் மதினியிடம் ஏதாவது சொல்லிக்கொள்கிறேன் என்றேன். வாசலில் செருப்பு போடும்போது பின்னாலிருந்து சொன்னார்: "வேணாம், போடு. வேற யாருக்காச்சும் தெரியுதான்னு பாப்போம்."

சனிக்கிழமை பூசை முடிந்து மச்சான் வீட்டுக் கூடத்தில் முப்பது பேருக்கு மேல். சமையல்காரர்கள் பின்கட்டில் அண்டா வைத்திருந்தார்கள். மதினி ஜெபம் சொன்னார். பிறகு, எல்லாம் முறைப்படி காசு கட்டி வாங்கிய படம்தான் என்பதையும் ஜெபம் போலவே எல்லோருக்கும் அறிவித்தார். இரண்டு டீச்சர்கள் ஒருவரை ஒருவர் பார்த்துச் சிரிப்பை அடக்கிக்கொண்டார்கள். மச்சான் டிவிக்கு நேர் எதிரே, முன் வரிசையில் உட்கார்ந்தார். நான் குறித்து வைத்திருந்த முதல் இடத்தைப் போட்டேன்.

"கப்பலில் உயிருடன் இருப்போர், ஏழு பேர்."

மச்சான் திரையைப் பார்க்கவில்லை. திரும்பி டீச்சர்களின் முகங்களைப் பார்த்தார். வரிசையாக அவர்கள் முதுகு நிமிர்ந்தது. ஒருவர் வாயைப் பொத்திக்கொண்டார். அக்காவுக்குப் பக்கத்து வகுப்பு எடுத்த டீச்சர் சொன்னார்: "எங்க ரெண்டு கிளாசுக்கும் நடுவுல ஒரு தட்டிதான். பதினாறு வருசம் இந்தச் சத்தத்தக் கேட்டுக்கிட்டேதான் நான் பாடம் நடத்துனேன்."

எல்லோருக்கும் தெரிந்துவிட்டது. மச்சான் முகத்தில் மட்டும் ஒன்றும் இல்லை. அடுத்த இடத்தைப் போட்டேன், ஐந்து பேர். அவர் எழுந்து, குழம்பைப் பார்க்கப் போகிறவர் போல அடுப்படிக்குப் போனார். என்னால் அங்கே உட்கார்ந்திருக்க முடியவில்லை. ரிமோட்டை மதினியிடம் கொடுத்துவிட்டு, படம் அப்படியே ஓடட்டும் என்று சொல்லிவிட்டு அவர் பின்னால் போனேன்.

அடுப்படியில் யாரும் இல்லை. மச்சான் மேடையைப் பிடித்தபடி குழாயைப் பார்த்து நின்றார். பின்கட்டில் கரண்டிச் சத்தம். கூடத்தில் படம் ஓடுவது சுவர் வழியாக மங்கலாகக் கேட்டது. இசை, ஓட்டம், யாரோ கத்துவது. பிறகு அந்தக் குரல். இங்கிருந்து கேட்க அது என்ன சொல்கிறது என்று புரியவில்லை. குரல் மட்டும், பக்கத்து அறையிலிருந்து.

மச்சானின் கை மேடையிலிருந்து எடுபட்டது. என்னைப் பார்க்காமலே கையை நீட்டி என்னைப் பேசவிடாமல் நிறுத்தினார். அடுத்த தடவை அந்தக் குரல் வரும்வரை அப்படியே நின்றார். வந்தது.

"அங்க இருந்துக்கிட்டுத்தான கூப்பிடுவா," என்றார். "காபி குடிச்சாச்சா, மருந்து போட்டாச்சான்னு எல்லாம் அங்க இருந்துதான். நேருக்கு நேரா அவ எப்ப பேசுனா?" பிறகு, "அவதான் மாப்ள" என்றார். அடுப்படிக் கதவை ஒருக்களித்துச் சாத்தச் சொன்னார். சாத்தினேன். படம் முடியும்வரை அவர் கூடத்துக்கு வரவில்லை. வந்தவர்கள் அவர் அழப் போய்விட்டார் என்று நினைத்துக்கொண்டார்கள். அவர் அழவில்லை. ஒரு ஓரமாகச் சாய்ந்து, இருட்டில் வழி தெரிந்துவிட்டவன் போல நிம்மதியாக நின்றார்.

இதெல்லாம் நடந்து நாலைந்து மாதம் இருக்கும். பென்டிரைவை உடைத்துப் போடச் சொன்னார் மதினி. சரி என்று வாங்கிக்கொண்ட மச்சான் அதைப் பீரோவில் வைத்துப் பூட்டிவிட்டார். ஒரு வருடம் கேட்டுக்கொண்டிருந்தவளை எப்படி உடைப்பது என்று என்னிடம் கேட்டார். அந்தத் தளத்தின் சந்தாவை நான் என் பேரிலேயே மாதாமாதம் கட்டி, மச்சான் டிவியில் விட்டுவைத்திருக்கிறேன்.

போன வாரம் ஒரு மதியம் திருப்பரங்குன்றம் பக்கம் வசூலுக்குப் போனவன் அவரைப் பார்த்துவிட்டு வரலாமென்று போனேன். வாசல் கதவு திறந்து கிடந்தது. கூடத்தில் ஆள் இல்லை. காலியாகக் கிடந்த நாற்காலிகளுக்கு முன்னால் படம் தானாக ஓடிக்கொண்டிருந்தது. அந்த நீண்ட நடை, சுவரில் ஈரம். கூப்பிடாமல் அடுப்படிக்குப் போனேன்.

மச்சான் தரையில் உட்கார்ந்து பூண்டு உரித்துக்கொண்டிருந்தார். என்னைப் பார்த்ததும் உட்காரச் சொல்லிக் கை காட்டினார். அரிசி டின்மேல் உட்கார்ந்தேன். கொஞ்ச நேரத்தில் கூடத்திலிருந்து அக்காவின் குரல் வந்தது. சொல் புரியவில்லை. ஏதோ கேட்கிறாள், பதில் வர வேண்டும் என்கிற மாதிரி. என் வாய் தானாகத் திறந்துவிட்டது, பல்லைக் கடித்துக்கொண்டேன்.

மச்சான் தலை தூக்கவில்லை. கை பூண்டை விடவில்லை. "இந்தா வாரேன்" என்றார்.

இதை மதினியிடம் நான் இன்னும் சொல்லவில்லை.